கடலை மிட்டாய்ப் பக்குவம்

கடலை மிட்டாயை அறியாதவர் நம் அங்கத்தினர்களில் எவரும் இரார். தறி ஓசையில் வளர்ந்தவராயினும், மானாவாரிக் காட்டில் களை பறித்து வளர்ந்தவராயினும், பள்ளிக்கூடத்துக்கு எதிரே இருந்த கடையின் கண்ணாடிப் புட்டிக்குள் அடுக்கியிருந்த அந்தச் சதுரத் துண்டுகளை ஏக்கத்தோடு பார்த்து நின்ற நாட்கள் எல்லோருக்கும் பொதுவானவை. காலணாவுக்கு வாங்கித் தின்றதாக நம் பாட்டன்மார் கூறுவர். 1957-ஆம் ஆண்டில் நயா பைசா புழக்கத்துக்கு வந்தபின் ஐந்து பைசாவுக்கும் பத்துப் பைசாவுக்கும் வாங்கியவர்கள் இன்று பேரன் பேத்தி எடுத்துவிட்டார்கள். அந்த ருசியை மட்டும் ஒருவரும் மறந்ததாகத் தெரியவில்லை.

இத்தின்பண்டத்தை வீட்டிலேயே செய்துகொள்வது எவ்வாறு என்பதை இம்மாதப் பாடமாக எழுத முற்படுகிறோம். இதில் பாடம் சொல்ல என்ன இருக்கிறது என்று சிலர் நினைக்கலாம். நிலக்கடலை, வெல்லம், கொஞ்சம் நெருப்பு; இவ்வளவுதானே என்பர். மெய்தான். ஆயினும் பத்துச் சாமான் சேரும் பண்டத்தில் ஒன்றின் குறையை மற்றொன்று மறைத்துவிடும். இரண்டே சாமான் சேரும் பண்டத்தில் எதுவும் மறைவதில்லை. கடலை காறினால் மிட்டாய் காறும். வெல்லம் கரித்தால் மிட்டாய் கரிக்கும்.

வேறொரு காரணமும் உண்டு. நிலக்கடலையை விளைவிப்போர் நம்மவர். கரும்பு நட்டு வெல்லம் காய்ச்சுவோரும் நம்மவர். அப்படியிருந்தும் நம் குழந்தைகள் தின்னும் மிட்டாயில் எந்தக் கடலை சேருகிறது, எந்த வெல்லம் சேருகிறது என்று நாம் கேட்பதில்லை. வீட்டில் செய்யும்போதாவது கேட்டாக வேண்டும். ஆகையால் பாகு காய்ச்சுவதற்கு முன்பாகக் கடலை பொறுக்குவதைப் பற்றியும் வெல்லம் வாங்குவதைப் பற்றியும் சற்று விரிவாகவே பேச வேண்டியிருக்கிறது.

கோவில்பட்டியின் முறை

கடலை மிட்டாய் என்றதும் நினைவுக்கு வரும் ஊர் தூத்துக்குடி மாவட்டத்துக் கோவில்பட்டி. கரிசல் சீமையின் இந்நகரத்து மிட்டாய்க்கு 2020-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது. தாமிரபரணித் தண்ணீரே தங்கள் மிட்டாயின் ருசிக்குக் காரணம் என்று அவ்வூரார் சொல்லுவர். தண்ணீரின் பங்கு இருக்கட்டும். தலைமுறை தலைமுறையாக வந்த கைப்பக்குவத்தின் பங்கு அதனினும் பெரிது என்பது நமது எண்ணம். அங்கே வறுத்துத் தோல் நீக்கிய பருப்பை வெல்லப் பாகில் கலந்து, மரச்சட்டத்தில் பரப்பி, உருளையால் தேய்த்துச் சமன் செய்து துண்டு போடுகிறார்கள். மேலே மெல்லிய தேங்காய்த் துருவல் தூவுவதும் அவ்வூர் வழக்கம்.

நாம் வீட்டில் செய்யப் போவதும் ஏறக்குறைய இம்முறையே. மரச்சட்டத்துக்குப் பதில் ஒரு மணைப்பலகை. உருளைக்குப் பதில் சப்பாத்திக் கட்டை. ஆனால் ஒன்று. நாளை நம் அங்கத்தினர் எவரேனும் இதை விற்பனைக்குச் செய்ய முற்பட்டால் ‘கோவில்பட்டிக் கடலை மிட்டாய்’ என்ற பெயரை அதன்மேல் இடலாகாது. வேற்றூர்த் தறியில் நெய்த சேலைக்குக் காஞ்சிபுரம் பட்டு என்று பெயரிட்டு விற்பது எப்படித் தகாதோ, இதுவும் அப்படியே. நெசவாளருக்கு இதை விளக்க வேண்டுவதில்லை.

வீட்டுக்கு எந்தக் கடலை?

நிலக்கடலையைச் சில மாவட்டங்களில் வேர்க்கடலை என்பர். சில இடங்களில் மணிலாக்கொட்டை என்பர். வட மாவட்டங்களில் மல்லாட்டை என்பாரும் உளர். பெயர் எதுவாயினும் விவசாயி வீட்டு வழக்கம் ஒன்றுதான். காய் உடைத்து, பருப்பைப் புடைத்து, திரண்ட மணிகளையெல்லாம் மூட்டை கட்டி ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்கோ வியாபாரியிடமோ அனுப்பிவிடுகிறோம். சுருங்கினதும், நிறம் மாறினதும், பூச்சி கடித்ததும், பூசணம் தட்டினதும் வீட்டில் நிற்கின்றன. “வீட்டுச் செலவுக்குத்தானே, இது போதும்” என்கிறோம். குழந்தைகள் இனிப்புக் கேட்டால் அந்தக் கழிவை வறுத்து வெல்லம் சேர்த்துக் கொடுத்துவிடுகிறோம். இது சிக்கனம் என்று நம்மில் பலர் எண்ணியிருக்கிறார்கள். இவ்வழக்கத்தை அடியோடு நிறுத்த வேண்டும் என்பதற்காகவே இப்பகுதியை எழுதுகிறோம்.

1960-ஆம் ஆண்டில் இங்கிலாந்து நாட்டில் ஒரு விபரீதம் நிகழ்ந்தது. பண்ணைகளில் வளர்த்த வான்கோழிகள் காரணம் தெரியாமல் கூட்டங்கூட்டமாக மடிந்தன. இலட்சத்துக்கும் மேற்பட்ட பறவைகள் மாண்டபின், அவை தின்ற தீவனத்தை ஆராய்ந்தார்கள். அதில் பிரேசில் நாட்டிலிருந்து வந்த நிலக்கடலைப் பிண்ணாக்கு சேர்ந்திருந்தது. அப்பிண்ணாக்கில் ஒருவகைப் பூசணம் உண்டாக்கிய நச்சுப் பொருளே பறவைகளைக் கொன்றது என்று கண்டறிந்து, அந்நஞ்சுக்கு அஃப்ளடாக்சின் என்று பெயரிட்டார்கள். மனிதரின் ஈரலைக் கெடுத்துப் புற்றுநோயை உண்டாக்கக்கூடியது அது என்பது பின்னர் நிலைநாட்டப்பட்டது. ஒருநாள் தின்றால் ஒன்றும் தெரிவதில்லை. சிறிது சிறிதாகப் பல ஆண்டுகள் உட்செல்வதில்தான் அபாயம் இருக்கிறது. அதனாலேயே நாம் அதைக் கவனியாமல் இருந்துவிடுகிறோம்.

இப்பூசணம் நம் நாட்டு மண்ணிலும் சாதாரணமாக இருப்பதுதான். காய் முற்றும் சமயத்தில் மழை பொய்த்துச் செடி வாடினாலும், மண்வெட்டியோ பூச்சியோ காயைக் காயப்படுத்தினாலும் அது உள்ளே புகுகிறது. பிடுங்கிய காய் ஈரமாகவே குவிந்து கிடந்தால் பெருகுகிறது. ஆடிப் பட்டத்துக் கடலை ஐப்பசியில் களத்துக்கு வரும்போது வடகிழக்குப் பருவமழையும் கூடவே வந்துவிடுகிறது. அந்த நாட்களில் காயவைக்கும் கஷ்டத்தை விவசாயிகளுக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆயினும் காயில் ஈரம் நூற்றுக்கு எட்டுப் பங்குக்குக் கீழே இறங்கும்வரை மூட்டை கட்டலாகாது. காதருகே பிடித்து ஆட்டினால் காய்க்குள் பருப்புக் கலகலவென்று ஒலிக்க வேண்டும். உரசினால் பருப்பின் தோல் கழல வேண்டும். கையால் உடைப்பதற்கு எளிதாக இருக்கட்டும் என்று காயின்மேல் தண்ணீர் தெளிக்கும் வழக்கம் சில ஊர்களில் இருக்கிறது. பாடுபட்டு உலர்த்திய காயை நாமே மறுபடியும் நனைத்துப் பூசணத்தை அழைப்பதற்கு அது ஒப்பாகும்.

வறுத்தால் நஞ்சு போய்விடாதா என்று கேட்கலாம். முழுவதும் போவதில்லை. வறுக்கும் சூட்டில் பூசணம் சாகும். அது முன்னமே உண்டாக்கி வைத்த நஞ்சில் ஒரு பகுதி நின்றுவிடும். அப்படியாயின் கழிவை மாட்டுக்குப் போடலாமே என்று கேட்பவரும் உண்டு. கறவை மாடு தின்ற இந்நஞ்சின் ஒரு பகுதி பாலில் வந்து சேருகிறது. சுற்றி வந்து அதே குழந்தையின் கிண்ணத்தில்தான் விழும். ஆகையால் பூசணம் கண்ட பருப்பை எருக்குழியில் மண் மூடிப் புதைத்துவிடுவதே சரி.

இதில் ஆறுதலான செய்தி ஒன்று உண்டு. ஒரு மூட்டைக் கடலையில் உள்ள நஞ்சு எல்லா மணிகளிலும் சமமாகப் பரவியிருப்பதில்லை. சுருங்கியும் நிறம் மாறியும் அடிபட்டும் உள்ள சில மணிகளிலேயே மிகுந்திருக்கிறது. அவற்றைக் கையால் பொறுக்கி எறிந்துவிட்டால் ஆபத்தில் பெரும்பங்கு நீங்கிவிடுகிறது. இதற்கு இயந்திரமும் வேண்டாம், மருந்தும் வேண்டாம். முறத்தில் பரப்பி, பகல் வெளிச்சத்தில், கண் நன்றாகத் தெரிகிறவர் உட்கார்ந்து பொறுக்கினால் போதும். அறுவடை வந்ததும் மூட்டை கட்டுவதற்கு முன்பாக, வீட்டுக்கு வேண்டிய கடலையை முதல் தரத்திலிருந்தே அளந்து எடுத்து வைத்துவிட வேண்டும். வருஷத்துக்கு ஒரு குடும்பத்துக்கு இருபது, முப்பது படி போகுமா? அதனால் விற்பனைத் தொகையில் குறையும் பணம் சொற்பம். எடுத்து வைப்பதைக் காயாகவே வைத்துக்கொண்டு வேண்டும்போது உடைப்பது நல்லது. உடைத்த பருப்பு விரைவில் காறிப் போகும். ஓட்டுக்குள் இருப்பது நெடுநாள் தாங்கும்.

கடையில் வாங்குவோர் பருப்பைக் கையில் எடுத்து முகர்ந்து, இரண்டு மணிகளை மென்று பார்த்து வாங்க வேண்டும். கசந்தால் துப்பிவிட்டு அடுத்த கடைக்குப் போகலாம்.

வெல்லமும் சாயப்பட்டறையும்

சாயப்பட்டறையில் வேலை செய்யும் நம் அங்கத்தினர்கள் ஹைட்ராஸ் என்ற வெள்ளைத் தூளை அறிவார்கள். தொட்டிச் சாயம் ஏற்றும்போது காஸ்டிக் சோடாவோடு சேர்த்து அதைப் போடுகிறோம். நீரில் கரையாத சாயத்தைக் கரையச் செய்வது அதன் வேலை. அதே தூள் வெல்லம் காய்ச்சும் கொப்பரையிலும் விழுகிறது என்றால் பலர் வியப்படைவர். கரும்புச் சாற்றின் கருமையைப் போக்கி வெல்லத்தைப் பளபளவென்று மஞ்சளாக்குவதற்காக அளவின்றிப் போடுவோர் இருக்கிறார்கள். சந்தையில் வெளுத்த வெல்லத்துக்கு விலை அதிகம், ஆகவே போடுகிறார்கள். போடுபவரை மட்டும் குறை கூறிப் பயனில்லை. வெளுப்பைப் பார்த்து விலை கொடுக்கும் நாமும் அதற்குக் காரணமாகிறோம். அந்த வெளுப்பும் நிலைப்பதில்லை. சில வாரங்களில் நிறம் மங்கிப் பழையபடி கறுக்கத் தொடங்கும்.

முற்காலத்தில் வெண்டைச் செடியின் தண்டை நசுக்கித் தண்ணீரில் ஊறவைத்து, அந்த வழவழப்பான நீரைக் கொதிக்கும் சாற்றில் ஊற்றுவார்கள். அழுக்கெல்லாம் நுரையோடு திரண்டு மேலே வரும், வழித்து எடுத்துவிடலாம். இன்றும் அப்படிச் செய்வோர் உண்டு. நம்மிடையே வெல்லம் காய்ச்சும் குடும்பம் இருந்தால் அவர்களிடம் மருந்து போடாத வெல்லம் வேண்டும் என்று சொல்லி முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ளலாம். தனி ஒருவர் இரண்டு கிலோ கேட்டால் செவி சாய்க்க மாட்டார்கள். தெருவில் பத்துக் குடும்பம் சேர்ந்து ஒரு சிப்பம் கேட்டால் காய்ச்சிக் கொடுப்பார்கள். கிடைக்காவிடில் கடையில் உள்ளவற்றுள் பழுப்பு நிறமானதும் இறுகினதுமான வெல்லத்தைத் தேர்ந்துகொள்க. ஒரு துண்டை வாயிலிட்டால் உப்புக் கரிக்கக் கூடாது. கசிந்து ஒட்டும் பழைய வெல்லம் பாயசத்துக்கு உதவும், மிட்டாய்க்கு உதவாது. அதில் செய்த மிட்டாய் என்ன பதத்தில் இறக்கினாலும் மறுநாள் பிசுபிசுத்துவிடும்.

சாயத்தைப் பற்றிய பேச்சு வந்ததனால் மற்றொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறோம். 2024-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில் புதுச்சேரியிலும், அதைத் தொடர்ந்து தமிழ்நாட்டிலும் பஞ்சு மிட்டாய் விற்பனைக்குத் தடை விதிக்கப்பட்டது. அதற்குக் காரணம் ரோடமின்-பி என்னும் சாயம். பட்டுக்கும் காகிதத்துக்கும் கண்ணைப் பறிக்கும் இளஞ்சிவப்பு ஏற்றும் பொருள் அது. உண்ணும் பொருளில் அதைச் சேர்க்கச் சட்டம் எவ்வகையிலும் இடந்தரவில்லை. உணவுக்கென்று அனுமதித்த நிறங்கள் தனியே உள்ளன. ஆனால் பட்டறைச் சாயம் சிறிதளவிலேயே பளிச்சென்று பிடிப்பதால் சிலர் அதை நாடுகிறார்கள். சாயம் நனைத்த கையை எத்தனை முறை தேய்த்துக் கழுவியும் நிறம் போகாது என்பது நெசவாளிக்குத் தெரியும். குடலில் படிந்தால் யார் தேய்ப்பது? கடலை மிட்டாய்க்கு வெல்லம் தரும் பொன்னிறமே போதும். தேங்காய்த் துருவல் தூவ விரும்புவோர் அதை வெள்ளையாகவே தூவுக.

வறுத்தலும் தோல் நீக்குதலும்

இனிச் செய்முறைக்கு வருவோம். பொறுக்கிய பச்சைப் பருப்பு 550 கிராம் எடுத்தால் வறுத்துத் தோல் நீக்கியபின் ஏறக்குறைய 500 கிராம் நிற்கும். அதற்கு வெல்லம் 300 கிராம், தண்ணீர் அரை டம்ளர், ஏலக்காய் நான்கு, விரும்பினால் சுக்குத்தூள் ஒரு சிட்டிகை, பலகையில் தடவ ஒரு கரண்டி நெய். வேறெதுவும் வேண்டாம். புளிப்பான எதையும் சேர்க்கவே கூடாது. புளிப்புப் பட்ட பாகு இறுகாமல் கசியும்.

பருப்பை மணலில் வறுப்பதே சிறப்பு. கழுவி உலர்த்திய ஆற்று மணலை இரும்புச் சட்டியில் காய வைத்து, பருப்பைக் கொட்டி, மிதமான தணலில் கால் மணி நேரம் முதல் இருபது நிமிஷம் வரையில் விடாமல் கிளற வேண்டும். மணல் எல்லாப் பக்கமும் சமமாகச் சூடு தருவதால் வெளியே கருகி உள்ளே பச்சையாக நிற்பதில்லை. மணல் இல்லாதவர் வெறுஞ்சட்டியில் தீயை இன்னும் தணித்து வறுக்கலாம். சடசடவென்று பொரியும் சப்தம் அடங்கும் தறுவாயில் இரண்டு மணிகளை எடுத்து ஆறவிட்டுக் கடித்துப் பார்க்கவும். சூடாக இருக்கும்போது கடித்துவிட்டு, மெதுவாக இருக்கிறதே என்று மேலும் வறுப்பவர் பலர். நிலக்கடலை ஆறினபின்தான் மொறுமொறுப்பு ஏறும். இறக்கியதும் சல்லடையில் கொட்டி மணலை நீக்கிவிட வேண்டும். சட்டியிலேயே விட்டுவைத்தால் அதன் சூட்டிலேயே கருகும்.

நன்கு ஆறினபின் இரண்டு கைகளாலும் கசக்கி முறத்தில் புடைத்தால் தோல் பறந்துவிடும். பருப்பு இரண்டாகப் பிளக்கும்படி இலேசாகத் தேய்த்தால் நுனியில் உள்ள சிறு முளையும் உதிரும். அது சற்றே கசப்புள்ளது. சல்லடையில் சலித்து நீக்கலாம். இப்போது மீண்டும் ஒரு முறை பார்வையிடுக. தோல் இருந்தபோது கண்ணுக்குப் படாத கறுத்த மணிகள் இப்போது தெரியும்.

பாகு

வெல்லத்தை நசுக்கி அரை டம்ளர் தண்ணீரில் கரைத்து, கொதி வருமுன் இறக்கி, துணியில் வடிகட்ட வேண்டும். கல்லும் மண்ணும் கரும்புச் சக்கையும் கீழே நிற்கும். வடிகட்டுவதற்குச் சாயம் ஏறாத கோராத் துணி நல்லது. தறியிலிருந்து இறக்கிய புதுத்துணியானால் பாவுக்கு இட்ட கஞ்சி போகும்படி இரண்டு முறை வெந்நீரில் அலசிவிட்டு எடுத்துக்கொள்க.

வடிகட்டிய கரைசலை அடி கனத்த பாத்திரத்தில் ஊற்றி அடுப்பில் ஏற்றுகிறோம். இனிச் சட்டியை விட்டு நகரலாகாது. பாகில் நடப்பது இதுதான்: தண்ணீர் ஆவியாகப் போகப் போகப் பாகின் சூடு ஏறுகிறது. தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும். சர்க்கரைப் பாகு கையில் உருளும் பதத்துக்கு வரும்போது ஏறக்குறைய 115 டிகிரியும், கண்ணாடிபோல் உடையும் பதத்துக்கு வரும்போது ஏறக்குறைய 150 டிகிரியும் இருக்கும். பாகில் எஞ்சி நிற்கும் சிறிதளவு நீர்தான் மிட்டாய் வளையுமா உடையுமா என்பதைத் தீர்மானிக்கிறது. வெல்லத்தில் சர்க்கரையைத் தவிர வேறு பொருள்களும் கலந்திருப்பதால் அது சீக்கிரம் கருகும். உடைபதத்தைத் தொட்டவுடனே இறக்கியாக வேண்டும். கருவியை நம்புவதைவிடக் கண்ணையும் காதையும் நம்புவதே மேல். பாவுக்குக் கஞ்சி போடும் பக்குவத்தை விரல் நுனியால் அறியும் நெசவாளிக்கு இது புதிய வித்தை அன்று.

பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் குளிர்ந்த தண்ணீர் இருக்கட்டும். முதலில் பாகு நுரைத்துப் பொங்கும். நுரை பெரிய குமிழிகளாக இருக்கும்வரை சோதிக்க வேண்டியதில்லை. குமிழிகள் சிறுத்து, பாகு கெட்டித்து, நிறம் ஒரு பிடி ஏறும்போது ஒரு சொட்டுத் தண்ணீரில் விடுக. முதலில் அது கரைந்து பரவும். சில நிமிஷம் கழித்துக் கரையாமல் கிடக்கும். விரலால் திரட்டினால் மெதுவாக உருளும். இதுதான் உருட்டுப் பதம். அதிரசத்துக்கும் பொருவிளங்காய் போன்றவற்றுக்கும் பாகு இதையொட்டியே நின்றுவிடும். நம்மவர் பெரும்பாலும் இங்கே ஏமாந்து அடுப்பை அணைத்துவிடுகிறார்கள். கடலை மிட்டாய் வளைந்து பல்லில் ஒட்டுவதற்குக் காரணம் இதுவே. இன்னும் காய வேண்டும். தண்ணீரில் விட்ட சொட்டை எடுத்துக் கிண்ணத்தின் விளிம்பில் தட்டினால் ‘டங்’கென்று கேட்க வேண்டும், விரல்களால் ஒடித்தால் ‘படக்’கென்று முறிய வேண்டும், கடித்தால் பல்லில் ஒட்டாமல் நொறுங்க வேண்டும். அதுவே நமக்கு வேண்டிய பதம். உருட்டுப் பதத்துக்கும் இதற்கும் இடையே சில நிமிஷமே உண்டு. இதற்கும் கருகலுக்கும் இடையே அரை நிமிஷம்கூட இராது. எனவே உருட்டுப் பதம் வந்ததும் தீயைப் பாதியாகக் குறைத்து, ஒவ்வொரு அரை நிமிஷத்துக்கும் ஒருமுறை சோதிக்க வேண்டும்.

கொதிக்கும் பாகு வெந்நீரினும் கொடியது. மேலே தெறித்தால் ஒட்டிக்கொண்டே சுடும். குழந்தைகளுக்காகச் செய்யும் பண்டமாயினும் அந்நேரத்தில் அவர்களை அடுப்பங்கரைக்கு வெளியே நிறுத்த வேண்டும்.

கொட்டுதலும் வெட்டுதலும்

பதம் வந்தபின் யோசிக்க அவகாசமில்லை. பலகையிலும் கட்டையிலும் கத்தியிலும் நெய் முன்னமே தடவியிருக்க வேண்டும். ஏலக்காய் முன்னமே பொடித்திருக்க வேண்டும். பருப்பு இளஞ்சூடாக இருந்தால் மிக நல்லது. குளிர்ந்த பருப்பைக் கொட்டினால் பாகு உடனே இறுகிக் கலக்க விடாது. அடுப்பிலிருந்து இறக்கி, பருப்பையும் ஏலப்பொடியையும் போட்டு, ஒவ்வொரு மணியிலும் பாகு படும்படி வேகமாகக் கிளறிப் பலகையில் கொட்டுக. இருவர் சேர்ந்து செய்தால் ஒருவர் கொட்ட மற்றவர் கட்டையால் உருட்டலாம். விரற்கடைப் பருமனில் சமமாகப் பரவியதும், இறுகுவதற்கு முன்பாகவே கத்தியால் அழுத்திக் கோடு போட்டுவிட வேண்டும். ஆறினபின் கோட்டில் ஒடித்தால் துண்டு சீராக வரும். ஆறினபின் வெட்டத் தொடங்கினால் துண்டுக்குப் பதில் தூளே மிஞ்சும்.

இவ்வளவில் 25 கிராம் எடையுள்ள முப்பது துண்டுகள் வரையில் கிடைக்கும். நிலக்கடலையில் 100 கிராமுக்குச் சுமார் 25 கிராம் புரதம் இருக்கிறது. அக்கணக்கில் ஒரு துண்டில் நான்கு கிராம் புரதம் குழந்தைக்குச் சேருகிறது. மாலையில் பள்ளிவிட்டு வரும் பிள்ளைக்கு ஒன்று, இரண்டு கொடுக்கலாம். இனிப்புப் பண்டந்தானே, அளவுக்கு மேல் வேண்டாம். ஐந்து வயது நிரம்பாத குழந்தைக்கு முழுப்பருப்பு உள்ள மிட்டாயைத் தரவே கூடாது. மூச்சுக் குழாயில் சிக்கிக்கொள்ளும். அக்குழந்தைகளுக்குப் பருப்பை நைய இடித்து, வெல்லத்தோடு பிசைந்து மெத்தென்று உருட்டித் தரலாம். நிலக்கடலை ஒத்துக்கொள்ளாத உடம்பும் சிலருக்கு உண்டு. தின்றதும் உடம்பு தடித்தாலோ உதடு வீங்கினாலோ மூச்சுத் திணறினாலோ உடனே மருத்துவரிடம் போக வேண்டும்.

கடலை கிடைக்காத ஊர்களில் இதே பாகில் எள்ளைச் சேர்க்கலாம், பொட்டுக்கடலையைச் சேர்க்கலாம். தேங்காய்த் துருவலை வெல்லப் பாகிலேயே போட்டுக் கிளறி, கெட்டியாகத் திரண்டு வரும்போது கை பொறுக்கும் சூட்டில் சிறு கோலிகளாக உருட்டினால் அதுவே கமர்கட். வாயில் ஒதுக்கிக்கொண்டு ஒரு பாடவேளை முழுவதும் சமாளித்த அந்தக் கமர்கட்டைப் பற்றித் தனியே எழுத இடமிருக்கிறது. இன்னொரு மாதம் பார்ப்போம்.

தவறினால் செய்ய வேண்டியது

ஆறினபின்னும் துண்டு வளைந்தால் பாகு போதாது என்று பொருள். எல்லாவற்றையும் மறுபடியும் சட்டியில் போட்டு, மிகச் சிறு தீயில் இளக்கி, முன் சொன்ன சோதனையில் ‘டங்’கென்று கேட்கும்வரை வைத்திருந்து மீண்டும் பலகையில் கொட்டலாம். பருப்பு ஒரு நிறம் கூடுதலாகச் சிவக்குமே தவிரக் கெடாது. பாகு பூத்துப் பொரபொரவென்று உதிர்ந்தால் உரலில் இட்டு இடித்து உருண்டை பிடித்துவிடலாம். அதைக் குழந்தைகள் இன்னும் விரும்பியே தின்பார்கள். பாகு கருகிக் கசந்துவிட்டாலோ பரிகாரம் இல்லை. பருப்பைச் சேர்ப்பதற்கு முன் தெரிந்தால் பருப்பாவது தப்பும். ஆகையால் கடைசிச் சொட்டை வாயிலிட்டுப் பார்த்தபிறகே பருப்பைக் கொட்டுக.

ஆறிய துண்டுகளை ஈரமில்லாத தகர டப்பாவில், இடையிடையே எண்ணெய்த் தாள் வைத்து அடுக்கி, இறுக மூடி வைத்தால் ஒரு மாதம் நன்றாக இருக்கும். பழைய செய்தித்தாளில் பொதிய வேண்டாம். அச்சு மை பண்டத்தில் ஒட்டும். அடைமழை நாட்களில் திறந்த டப்பாவில் மிட்டாய் ஒரு மணி நேரத்தில் கசியத் தொடங்கும். அந்நாட்களில் இரண்டு சிறிய டப்பாக்களாகப் பிரித்து வைத்துக்கொண்டு, ஒன்று காலியான பிறகு மற்றொன்றைத் திறப்பது நல்லது. விற்பனைக்குச் செய்ய விரும்பும் அங்கத்தினர்கள் 2006-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின்படி முதலில் பதிவு செய்துகொள்ள வேண்டும். பொட்டலத்தின்மேல் செய்த தேதியையும் எடையையும் சேர்த்த சாமான்களையும் எழுதியாக வேண்டும்.